மேசைமேல் துப்பாக்கியை வைத்தது யார்?

நடுவர் அவர்களே, எதிரணித் தலைவர் அவர்களே, இரு அணிகளிலும் அமர்ந்திருக்கும் பேச்சாள நண்பர்களே, விடுமுறை மாலையில் வேறெங்கும் போகாமல் இந்த அரங்கத்தை நிறைத்திருக்கும் தமிழ் ஆர்வலர்களே, அனைவருக்கும் என் வணக்கம். "பார்வையாளரின் கொடுமையைச் சோதிக்கும் நிகழ்த்துகலை வெளிப்படுத்துவது மனித இயல்பையா, கலைஞர் அமைத்த சூழலையா?" என்பது இன்றைய தலைப்பு. கலைஞர் தாமே பார்வையாளர் முன் நேரடியாகச் செய்து காட்டும் கலைதான் நிகழ்த்துகலை. சூழலையே என்று வாதிட வந்திருக்கும் அணியின் இரண்டாவது பேச்சாளன் நான். எங்கள் அணித் தலைவர் தலைப்பின் எல்லைகளை வரையறுத்துவிட்டார் என்பதால், நான் நேராக எதிரணி நம்பியிருக்கும் சான்றுகளுக்குள் நுழைகிறேன்.

எதிரணித் தலைவர் 'ரிதம் 0' என்ற நிகழ்வை முதற்சான்றாக நிறுத்தினார். தாமதமாக வந்தவர்களுக்காக அதைச் சுருக்கிச் சொல்ல வேண்டும். 1974-ஆம் ஆண்டு, இத்தாலியின் நேப்பிள்ஸ் நகரில், மோரா கலைக்கூடத்தில், யூகோஸ்லாவியாவைச் சேர்ந்த மரினா அப்ரமோவிச் என்ற கலைஞர் இரவு எட்டு மணி முதல் இரண்டு மணி வரை ஆறு மணி நேரம் எந்த எதிர்ப்பும் காட்டாமல் நின்றார். அவர் அருகில் ஒரு மேசையில் 72 பொருள்கள் இருந்தன. ரோஜா, இறகு, தேன், ரொட்டி, திராட்சை ஆகியவற்றோடு கத்தரிக்கோல், சவுக்கு, அறுவைக் கத்தி, ஒரு துப்பாக்கி, அதற்கான ஒரு தோட்டா ஆகியவையும் இருந்தன. முதலில் வந்தவர்கள் ரோஜாவைக் கொடுத்தார்கள், அவர் கையை உயர்த்தி வைத்துப் பார்த்தார்கள், முத்தமிட்டார்கள். நேரம் போகப் போக அவருடைய ஆடையை அறுத்தார்கள், ரோஜாவின் முள்ளை உடலில் குத்தினார்கள், கழுத்தில் கீறினார்கள். கடைசியில் தோட்டாவைப் போட்ட துப்பாக்கியை அவர் தலையை நோக்கித் திருப்பினார்கள். பார்வையாளரின் விருப்பத்துக்கு விட்டுவிட்டால் அவர்கள் கொல்லவும் செய்வார்கள் என்பதே தாம் கற்ற பாடம் என்று அந்தக் கலைஞரே பின்னாளில் சொன்னார். அதை எடுத்துக்காட்டிவிட்டு, "ஆறு மணி நேரத்தில் உரிந்துபோகும் நாகரிகம் ஒரு நாகரிகமா?" என்று எதிரணித் தலைவர் கேட்டபோது நீங்கள் கைதட்டினீர்கள். கேள்வி நன்றாக இருந்தது, நானும் தட்டினேன்.

ஆனால் அவர் அந்த மேசையின் மேலிருந்த பொருள்களை ஒவ்வொன்றாக அடுக்கினாரே தவிர, அங்கே எழுதி வைக்கப்பட்டிருந்த அறிவிப்பைப் பற்றி அதிகம் பேசவில்லை. அந்த அறிவிப்பு மூன்று செய்திகளைச் சொன்னது. மேசையில் உள்ள 72 பொருள்களையும் விரும்பியபடி என்மீது பயன்படுத்தலாம் என்பது முதலாவது. நானும் ஒரு பொருளே என்பது இரண்டாவது. இந்த நேரத்தில் நடப்பவற்றுக்கு முழுப் பொறுப்பையும் நானே ஏற்கிறேன் என்பது மூன்றாவது. நடுவர் அவர்களே, மனித இயல்பை உள்ளபடி பார்க்க விரும்பும் ஒருவர், அந்த இயல்பின் மேல் சாதாரண நாள்களில் இருக்கும் எல்லாப் பிடிகளையும் எழுத்து மூலமாகவே கழற்றிவிட்டு, பிறகு அது எப்படி நடக்கிறது பாருங்கள் என்று சொல்வது நேர்மையான சோதனையா? எதிரில் நிற்பவர் மனிதர் என்ற எண்ணம் ஒரு பிடி. செய்ததற்கு நாளை பதில் சொல்ல வேண்டும் என்ற அச்சம் இன்னொரு பிடி. எதிரில் இருப்பவர் முகம் சுளிப்பார், கையைத் தட்டிவிடுவார், "போதும்" என்பார் என்ற எதிர்பார்ப்பு மூன்றாவது. முதல் இரண்டையும் அந்த அறிவிப்பு நீக்கியது. மூன்றாவதை அவருடைய அசையா உடல் நீக்கியது. இவை எல்லாம் நாகரிகத்தின் மேற்பூச்சு என்று எதிரணி சொல்கிறது. எங்கள் அணியைப் பொறுத்தவரை இவை மனித இயல்பின் உறுப்புகள். அடுத்தவர் முகத்தைப் பார்த்துத் தன் கையை இழுத்துக்கொள்ளத் தெரிந்த உயிர்தான் மனிதன். அந்த முகத்தை அசையாமல் ஆக்கிவிட்டு அவனைச் சோதிப்பது, கண்ணைக் கட்டிவிட்டு இவனுக்கு நடக்கத் தெரியவில்லை என்று தீர்ப்பு எழுதுவதைப் போன்றது.

அடுத்தது, துப்பாக்கி. எத்தனையோ நூறு பொருள்களிலிருந்து 72 பொருள்களைத் தேர்ந்தெடுத்தவர் கலைஞர். தோட்டாவைத் தனியாக வைத்தவரும் அவரே. மேசையில் இறகும் தேனும் ரொட்டியும் மட்டும் இருந்திருந்தால், அதே நேப்பிள்ஸ் மக்கள் அந்த ஆறு மணி நேரத்தில் என்ன செய்திருப்பார்கள்? ஒருவேளை சலித்துப்போய் வீட்டுக்குப் போயிருப்பார்கள். எதிரணியினர் அதையும் மனித இயல்பு என்று ஏற்பார்களா என்று தெரியவில்லை. அப்ரமோவிச்சின் துணிவை நான் குறைத்துச் சொல்லவில்லை. தன் உடலையே பணயம் வைத்த கலைஞர் அவர். என் மறுப்பு அவருடைய கலையைப் பற்றியதன்று, அந்தக் கலையிலிருந்து எதிரணி எடுக்கும் முடிவைப் பற்றியது.

அந்த அறையில் இன்னொன்றும் நடந்தது. துப்பாக்கி தலைக்கு நேராக வந்ததும் பார்வையாளர்களுக்குள்ளேயே சண்டை மூண்டது. அதைப் பறித்தவர்களும் அங்கே இருந்தார்கள். அவர் கண்ணீரைத் துடைத்தவர்கள் இருந்தார்கள். அவரைச் சூழ்ந்து காக்க முயன்ற ஒரு கூட்டம் உருவானது. இவர்கள் எந்த இயல்பைக் கொண்டு அப்படி நடந்தார்கள்? கீறியவனுக்கு மட்டும் மனித இயல்பு, துடைத்தவளுக்கு வேறு ஏதோ இயல்பு என்று பிரிக்க முடியுமா? இன்னும் ஒரு கூட்டத்தை எந்த நூலும் எண்ணவில்லை. வந்து பார்த்துவிட்டு, இது நமக்கு வேண்டாம் என்று கதவைத் திறந்துகொண்டு போனவர்கள் அவர்கள். செயலைப் பதிவு செய்யும் கலை, செய்ய மறுத்தவரைப் பதிவு செய்வதில்லை. கத்தியைப் பிடித்த கை புகைப்படத்தில் இருக்கும். எட்டரை மணிக்கே பேருந்து ஏறிப் போனவர் அதில் இருக்க மாட்டார். அந்த நிகழ்வை நாம் அறிந்திருப்பதே பெரும்பாலும் அத்தகைய படங்களின் வழியாகத்தான் என்பதை எதிரணி மறந்துவிடக் கூடாது.

இரண்டு மணி ஆனதும் அப்ரமோவிச் அசைந்தார். கூட்டத்தை நோக்கி நடந்தார். கூட்டம் அவரை எதிர்கொள்ள முடியாமல் ஓடியது. "குற்ற உணர்ச்சியே குற்றத்துக்குச் சாட்சி" என்று எதிரணித் தலைவர் அழகாக முடித்தார். குற்ற உணர்ச்சி இருந்தது என்பதை நானும் ஒப்புக்கொள்கிறேன். அதே மனிதர்கள், அதே அறை, அதே மேசை, துப்பாக்கி பறிபோனாலும் கத்தியும் கத்தரிக்கோலும் அங்கேதான் இருந்தன. ஆயினும் ஒரு நிமிடத்துக்குள் அவர்களுடைய நடத்தை தலைகீழாக மாறியது. காரணம், அறிவிப்பின் காலக்கெடு முடிந்தது. பொருளாக நின்றவர் மனிதராகத் திரும்பினார். சூழல் மாறியதும் மாறிப்போகும் ஒன்றுக்குச் சூழலைத் தவிர வேறு எதைக் காரணமாகச் சொல்வது?

இதே கேள்வியை ஒரு நாட்டின் காவல்துறையே கேட்டிருக்கிறது. 2000-ஆம் ஆண்டில் டென்மார்க்கின் கோல்டிங் நகரில் உள்ள டிராபோல்ட் அருங்காட்சியகத்தில், மார்க்கோ எவரிஸ்டி என்ற கலைஞர் பத்து மிக்சிகளில் தண்ணீர் நிரப்பித் தங்கமீன்களை விட்டு வைத்தார். பார்வையாளர் விரும்பினால் பொத்தானை அழுத்தலாம். யாரோ அழுத்தினார்கள், மீன்கள் அரைபட்டன. காவல்துறை அபராதம் விதித்தது யாருக்கு? பொத்தானை அழுத்தியவருக்கு அன்று. மின் இணைப்பைத் துண்டிக்கச் சொல்லியும் துண்டிக்காத அருங்காட்சியக இயக்குநருக்கு. அவர் அபராதம் கட்ட மறுத்து நீதிமன்றம் சென்றார். மீன்கள் துன்பமின்றி நொடியில் இறந்தன என்பதால் விடுவிக்கப்பட்டார். தீர்ப்பு எதுவாகவும் இருக்கட்டும். மிக்சிக்கு மின்சாரம் கொடுத்து வைத்தது யார் என்று கேட்க வேண்டும் என்ற பொதுப்புத்தி காவல்துறைக்கு இருந்திருக்கிறது.

எங்கள் பக்கத்தின் மிக வலுவான சான்றுக்கு இப்போது வருகிறேன். ஒரே படைப்பு, ஒரே கலைஞர், ஒரே கத்தரிக்கோல், ஆனால் வெவ்வேறு மேடைகள். யோக்கோ ஓனோ 1964-இல் கியோத்தோவில் 'கட் பீஸ்' என்ற நிகழ்வை முதன்முதலாகச் செய்தார். மேடையில் முழங்காலிட்டு அமர்வார். பக்கத்தில் ஒரு கத்தரிக்கோல். பார்வையாளர் ஒவ்வொருவராக ஏறி வந்து அவருடைய உடையில் ஒரு துண்டை வெட்டி எடுத்துக்கொண்டு போகலாம். 1965-இல் நியூயார்க்கின் கார்னகி ரிசைட்டல் அரங்கில் நடந்தபோது எடுக்கப்பட்ட படச்சுருள் இன்றும் இருக்கிறது. தொடக்கத்தில் வருபவர்கள் தயங்கித் தயங்கி, கையோரத்திலோ விளிம்பிலோ ஒரு சிறு துண்டை நறுக்கிக்கொண்டு இறங்குகிறார்கள். பிறகு ஓர் இளைஞர் வருகிறார். அவர் அவசரப்படவில்லை. உள்ளாடையை வெட்டுகிறார், மார்க்கச்சையின் பட்டைகளையும் வெட்டுகிறார். ஓனோவின் கண்கள் அலைகின்றன, கைகள் மேலெழுந்து மார்பை மூடிக்கொள்கின்றன. அந்தச் சில நிமிடங்களைப் பார்க்கும் எவருக்கும் வயிறு கலங்கும். எதிரணியில் மூன்றாவதாகப் பேசவிருப்பவர் இதையே தம் பங்குக்கு வைத்திருப்பார் என்று நினைக்கிறேன். முந்திக்கொண்டதற்கு அவர் என்னைப் பொறுத்தருள வேண்டும்.

ஆனால் 2003-இல் பாரிஸில், தம் எழுபதாவது வயதில், ஓனோ அதே நிகழ்வை மீண்டும் செய்தார். இம்முறை ஒரு வேண்டுகோளைச் சேர்த்தார்: அஞ்சலட்டை அளவுக்கு மிகாமல் ஒரு துண்டை வெட்டி, அதை நீங்கள் நேசிக்கும் ஒருவருக்கு அனுப்புங்கள் என்றார். உலக அமைதிக்காக இதைச் செய்வதாகவும் சொன்னார். மக்கள் வரிசையாக வந்து, வெட்டி, எடுத்துக்கொண்டு அமைதியாக இறங்கினார்கள். கத்தரிக்கோல் மழுங்கிவிட்டதா? பாரிஸ்காரர்களுக்கு மனித இயல்பு இல்லாமல் போய்விட்டதா? வயதும் புகழும் காலமும் மாறியிருந்தன என்று எதிரணி பதில் சொல்லலாம். சொல்லட்டும். வயது, புகழ், காலம், வேண்டுகோள் இவை அனைத்துக்கும் சேர்த்து நாங்கள் வைத்திருக்கும் பெயர்தான் சூழல்.

நடுவர் அவர்களே, பார்த்துக்கொண்டிருக்கும் அவை ஒன்று ஒரு பெண்ணைப் பொருளாக ஆக்கிய கதையைத் தெரிந்துகொள்ள நமக்கு நேப்பிள்ஸ் தேவையில்லை. நம் சிங்கப்பூரின் சவுத் பிரிட்ஜ் ரோட்டில் இருக்கும் ஸ்ரீ மாரியம்மன் கோயிலில் ஐப்பசித் தீமிதி யாருக்காக நடக்கிறது? திரௌபதிக்காக. அவள் கதையில் துகிலுரியும் காட்சியை நாம் துச்சாதனனின் கொடுமையாகவே சொல்லிப் பழகிவிட்டோம். ஆனால் அந்த அவையில் இருந்தவர்கள் எல்லாரும் துச்சாதனர்கள் அல்லர். பீஷ்மர் இருந்தார், துரோணர் இருந்தார், அறம் தெரிந்தவர்கள் என்று ஊரே போற்றியவர்கள் இருந்தார்கள். அவர்களைக் கட்டிப்போட்டது எது? அவள் பணயமாக வைக்கப்பட்டாள், ஆட்டத்தில் தோற்கப்பட்டாள் என்ற சூதாட்ட விதி. திரௌபதியோ அவையின் இரக்கத்தைக் கேட்கவில்லை. அந்த விதியையே கேள்வி கேட்டாள். தன்னை முதலில் இழந்துவிட்டவனுக்கு என்னைப் பணயம் வைக்க உரிமை ஏது என்றாள். மனிதர்களின் உள்ளத்தில் உறங்கும் மிருகத்தைப் பற்றி அவள் பேசவே இல்லை; யார் எந்த உரிமையில் இந்த மேசையை விரித்தார்கள் என்று கேட்டாள். கௌரவர் நூற்றுவரில் ஒருவனான விகர்ணன் எழுந்து அவள் பக்கம் பேசியதும் அதே அவையில்தான். அவனும் திருதராட்டிரன் மகன்தான், அவனும் அதே வீட்டுச் சோற்றைத் தின்று வளர்ந்தவன்தான். அவன் குரல் அடக்கப்பட்டது வேறு கதை. ஆனால் ஒருவன் எழுந்தான் என்பதையும் சேர்த்தே நம் முன்னோர் கதையாக்கி வைத்தார்கள்.

எதிரணியின் இரண்டாம் பேச்சாளர் இணையத்துக்கு வந்தார். 2007-இல் சிகாகோவின் ஒரு கலைக்கூடத்தில், ஈராக்கில் பிறந்த வஃபா பிலால் ஒரு மாதம் தங்கியிருந்த நிகழ்வைச் சொன்னார். பிலாலின் சகோதரர் ஈராக்கில் 2004-இல் அமெரிக்கத் தாக்குதலில் கொல்லப்பட்டவர். பிலால் தங்கியிருந்த அறையில் மஞ்சள் சாயக் குண்டுகளை உமிழும் பெயிண்ட்பால் துப்பாக்கி ஒன்று பொருத்தப்பட்டிருந்தது. உலகின் எந்த மூலையிலிருந்தும் இணையத்தின் வழியாக யாரும் அதைத் திருப்பி அவரைச் சுடலாம். நூற்றுக்கும் மேற்பட்ட நாடுகளிலிருந்து 60,000-க்கும் மேற்பட்ட முறை சுட்டார்கள். "முகம் தெரியாதபோது மனிதனின் உண்மை முகம் தெரிகிறது" என்று முடித்தார் நண்பர்; அதற்கும் கைதட்டல் கிடைத்தது.

அவர் சொல்லாமல் விட்ட பகுதி இருக்கிறது. துப்பாக்கியை யார் வேண்டுமானாலும் திருப்பலாம் என்ற அதே வசதியைக் கொண்டு, அது பிலாலை நோக்காமல் வேறு பக்கம் நோக்கியே இருக்கும்படி இரவு பகலாக மாறி மாறித் திருப்பிக்கொண்டே இருந்த ஒரு கூட்டம் உருவானது. அவர்களுக்கும் முகம் இல்லை, பெயர் இல்லை, யாரும் பாராட்டப்போவதில்லை. அறையில் இருந்த விளக்கைச் சுட்டு உடைத்ததைப் பார்த்துவிட்டு, நேரில் புது விளக்கு வாங்கிக்கொண்டு வந்த ஒருவரும் உண்டு. முகம் மறைந்தால் உண்மை முகம் தெரியும் என்பது சரியென்றால், இவர்களுடையது எந்த முகம்? சுடுவது ஒரு விரலசைவு. காப்பதற்கோ மணிக்கணக்கில் விழித்திருக்க வேண்டும். கொடுமையை எளிதாகவும் காப்பை உழைப்பாகவும் அமைத்த ஒரு கருவியில்கூட இத்தனை பேர் உழைக்க முன்வந்தார்கள் என்பதை நான் எதிரணியின் கணக்கில் வரவு வைக்க மாட்டேன்.

இந்த இடத்தில் நம் ஊர்ப் பேச்சு ஒன்று. ஒருவர் எம்ஆர்டி ரயிலில் செய்த தவற்றைப் படம் எடுத்துப் போட்டு, அவர் வேலை பார்க்கும் இடம், வீட்டு முகவரி எல்லாவற்றையும் தோண்டிப் பரப்பும் பழக்கம் இங்கேயும் இருந்தது, இருக்கிறது. அதற்குச் சிங்கப்பூர் என்ன செய்தது? துன்புறுத்தலிலிருந்து பாதுகாக்கும் சட்டத்தை 2019-இல் திருத்தி, ஒருவரைத் துன்புறுத்தும் நோக்கத்தோடு அவருடைய தனிப்பட்ட விவரங்களை வெளியிடுவதைக் குற்றமாக்கியது. மனித மனம் மாறும்வரை காத்திருக்கவில்லை. பொறுப்பு என்ற பிடியைத் திரும்பப் பூட்டியது.

நம் ஊரின் நிகழ்த்துகலை வரலாற்றைத் தொடாமல் இந்தத் தலைப்பைப் பேசி முடிப்பது நியாயமாகாது. 1994-இன் தொடக்கத்தில், புத்தாண்டு பிறந்த இரவில் பார்க்வே பரேட் கடைத்தொகுதியில் நடந்த ஒரு நிகழ்வைத் தொடர்ந்து எழுந்த சர்ச்சையில், நிகழ்த்துகலைக்கும், பார்வையாளரும் மேடையேறும் நாடக வடிவமான மன்ற அரங்குக்கும் தேசிய கலைகள் மன்றம் நிதியுதவியை நிறுத்தியது. சுமார் பத்தாண்டுகள் அந்த நிலை நீடித்தது. அன்று அதிகாரிகள் தரப்பில் சொல்லப்பட்ட காரணம் நம் தலைப்புக்கு நேரடியாகத் தொடர்புடையது: இத்தகைய கலைகளுக்கு முன்கூட்டி எழுதிய வசனம் இல்லை, பார்வையாளர் திடீரென்று பங்கேற்பதை இவை ஊக்குவிக்கின்றன, இதனால் பொது ஒழுங்குக்கு ஆபத்து நேரலாம். கலைஞரைப் பற்றிய அச்சத்தைவிட, அவிழ்த்துவிடப்பட்ட பார்வையாளரைப் பற்றிய அச்சமே அதில் பெரிது. எதிரணியின் வாதமும் அந்த அச்சமும் ஒரே வேரிலிருந்து முளைத்தவை என்பதை அவர்கள் விரும்ப மாட்டார்கள்; ஆனாலும் சொல்லித்தான் ஆக வேண்டும். மனிதன் உள்ளுக்குள் மிருகம், அவனைக் கேள்வி கேட்காமல் இருக்கையில் உட்கார வைப்பதே நல்லது என்ற முடிவுக்குத்தான் இரண்டும் போய்ச் சேரும்.

அந்த அச்சம் நிலவிய அதே காலத்தில், 1996-இல், நம் ஊர்க் கலைஞர் அமண்டா ஹெங் 'லெட்ஸ் சாட்' என்ற நிகழ்வைச் செய்தார். அவரும் ஒரு மேசையைத்தான் வைத்தார், அவரும் பார்வையாளரின் கையில்தான் விட்டார். ஆனால் அந்த மேசைமேல் இருந்தது தவ்கே, அதாவது பயறு முளை. ஆம், நாம் மீ கோரெங் நூடுல்ஸில் போடும் அதே தவ்கே. பார்வையாளர்கள் சுற்றி உட்கார்ந்து, ஒவ்வொரு முளையாக எடுத்து, அடியில் தொங்கும் பழுப்பு வாலை நகத்தால் கிள்ளி ஒரு பக்கம் போட்டு, சுத்தமான தண்டை இன்னொரு பக்கம் போட்டு, தேநீரோடு பேசிக்கொண்டிருந்தார்கள். அந்த வேலையில் அவசரப்பட முடியாது; கை வேலையில் இருந்தால் வாய் தானாகத் திறக்கும் என்பது நம் பாட்டிமாருக்குத் தெரியும். முன்பின் அறியாதவர்கள் அங்கே தங்கள் கதைகளைச் சொன்னார்கள். அதற்கும் வசனம் இல்லை, அதிலும் பார்வையாளர்தான் பங்கேற்றார். கலைஞர் அசையாமல் நிற்காமல் தானும் உட்கார்ந்து கிள்ளினார். ஒரு மேசையில் தோட்டாவை வைத்தால் துப்பாக்கி நிரம்புகிறது, இன்னொன்றில் தவ்கேயை வைத்தால் பேச்சு நிரம்புகிறது. இரண்டிலும் உட்கார்ந்தவர்கள் மனிதர்கள்.

மன்ற அரங்கும் அப்படித்தான். பிரேசில் நாட்டு அகஸ்தோ போவால் உருவாக்கிய அந்த வடிவத்தை 1993-இல் த நெசசரி ஸ்டேஜ் நாடகக் குழுவினர் இங்கே நிகழ்த்தினார்கள். ஒடுக்கப்படும் ஒருவரின் கதை நடிக்கப்படும். பார்வையாளர் எழுந்து நிறுத்தச் சொல்லி, மேடையேறி, அந்தப் பாத்திரத்தின் இடத்தில் தாமே நின்று வேறு வழி தேடலாம். இங்கே பார்வையாளருக்குக் கொடுக்கப்பட்ட அனுமதி, குறுக்கிடுவதற்கான அனுமதி. நேப்பிள்ஸில் குறுக்கிட்டவர் நிகழ்வின் விதியை மீறியவர். இங்கே குறுக்கிடுவதுதான் விதி.

எதிரணியின் கடைசி அம்பு மிகவும் கூர்மையானது, அதைத் தவிர்த்துவிட்டுப் போக எனக்கு மனமில்லை. "கலைஞரின் மேசையை விடுங்கள், நம் அடுக்குமாடி வீடுகளில் பணிப்பெண்களைப் பட்டினி போட்டவர்களும் சூடு வைத்தவர்களும் நீதிமன்றத்தில் நின்றார்களே, அவர்கள் வீட்டில் எந்தக் கலைஞர் அறிவிப்பு எழுதி வைத்தார்?" என்று கேட்டார்கள். அரங்கம் அமைதியானது, ஆக வேண்டியதுதான். அந்தக் கொடுமைகள் உண்மை. ஆனால் அங்கே அறிவிப்பு இல்லை என்று யார் சொன்னது? பூட்டிய கதவு ஓர் அறிவிப்பு. கையில் தொலைபேசி இல்லாத, மொழி தெரியாத, வாரக்கணக்கில் வெளியாள் முகம் பார்க்காத ஒரு பெண் அந்த வீட்டுக்குள் இருக்கிறாள் என்பதே, என்ன செய்தாலும் கேட்க ஆளில்லை என்ற வாசகத்தை எழுதி வைக்கிறது. அதனால்தான் பணிப்பெண்களுக்கு வார ஓய்வுநாள் 2013 முதல் கட்டாயமானது. பணம் கொடுத்து ஈடுகட்ட முடியாத ஓர் ஓய்வுநாளாவது மாதந்தோறும் தரப்பட வேண்டும் என்று 2023-இல் விதி வந்தது. அந்த ஒரு நாளில் அவள் லக்கி பிளாசா கடைத்தொகுதியில் தோழியைச் சந்திப்பாள். கையில் இருக்கும் காயத்தைத் தோழி பார்ப்பாள். பார்க்க ஓர் ஆள் இருக்கிறார் என்று தெரிந்த வீட்டில் கை ஓங்குவது கடினமாகிறது.

இதிலிருந்து ஒரு குற்றச்சாட்டு எழும் என்பதை அறிவேன். சூழலைக் காரணம் காட்டிக் கொடுமை செய்தவரைத் தப்பவிடுகிறீர்கள் என்பார்கள். நான் இதை அப்படியே திருப்பிப் பார்க்கிறேன். கொடுமை மனித இயல்பு என்றால் அதற்கு யார் பொறுப்பு? எல்லாரும், அதாவது ஒருவரும் இல்லை. நேப்பிள்ஸில் கழுத்தைக் கீறியவன், "நான் என்ன செய்வேன், மனிதன் இப்படித்தான்" என்று எதிரணியின் உரையையே மேற்கோள் காட்டித் தப்பலாம். எங்கள் அணியின் வாதத்தில் அவனுக்குத் தப்பிக்க இடமில்லை, ஏனென்றால் அதே சூழலில் கண்ணீரைத் துடைத்தவர் இருந்தார் என்று நாங்கள் சுட்டிக்காட்டிக்கொண்டே இருக்கிறோம். அவனோடு சேர்த்து, மேசையை விரித்தவரையும், அறிவிப்பை எழுதியவரையும், கதவைப் பூட்டியவரையும் நாங்கள் விசாரிக்கிறோம். யார் அதிகம் பேரைக் கூண்டில் ஏற்றுகிறார்கள் என்பதை நடுவர் கவனிக்க வேண்டும்.

கலைஞர்களின் நிகழ்வுகள் சோதனைச்சாலைச் சோதனைகள் அல்ல, அவற்றை வைத்துப் பொதுவிதி சொல்லக் கூடாது என்று எதிரணி கடைசியில் பின்வாங்கவும் வாய்ப்புண்டு. பின்வாங்கினால் நாங்கள் ஆய்வுக்கூடத்துக்கே போகிறோம். 1961-இல் யேல் பல்கலைக்கழகத்தில் ஸ்டான்லி மில்கிரம் தொடங்கிய ஆய்வு உங்களில் பலருக்குத் தெரியும். விடை தவறினால் அடுத்த அறையில் இருப்பவருக்கு மின்னதிர்ச்சி கொடுக்கும்படி, ஆய்வாளர் ஒருவர் பக்கத்தில் இருந்து சொல்லிக்கொண்டே இருப்பார். அதிர்ச்சி உண்மையன்று, ஆனால் கொடுப்பவருக்கு அது தெரியாது. 40 பேரில் 26 பேர் 450 வோல்ட் வரை போனார்கள். எதிரணியினர் இந்த 26-ஐத்தான் எப்போதும் மேற்கோள் காட்டுவார்கள், அரை நூற்றாண்டுக்கும் மேலாக உலகமும் இதையே காட்டிக்கொண்டிருக்கிறது. மில்கிரம் அதோடு நிறுத்தவில்லை. அறையின் அமைப்பை மாற்றி மாற்றிப் பார்த்தார். அதிர்ச்சி பெறுபவரின் கையைத் தானே பிடித்துத் தகட்டில் அழுத்த வேண்டும் என்றபோது, 40 பேரில் 12 பேர்தான் கடைசிவரை போனார்கள். பக்கத்தில் உட்கார்ந்திருந்த வேறு இருவர் மறுத்து எழுந்ததைப் பார்த்தபோது, 40 பேரில் 4 பேர்தான் போனார்கள். ஆய்வாளர்கள் இருவரை நிறுத்தி, ஒருவர் தொடரச் சொல்ல, மற்றவர் நிறுத்தச் சொன்னபோது, 20 பேரில் ஒருவர்கூடக் கடைசிவரை போகவில்லை.

அடுத்துப் பேச எழுந்து வரும் எதிரணி நண்பர் வேறு எதற்கும் பதில் சொல்லாவிட்டாலும் பரவாயில்லை, இது ஒன்றுக்கு மட்டும் இந்த அவையில் பதில் சொல்லிவிட்டுத் தம் உரையைத் தொடர வேண்டும்: அந்த இருபது பேருக்குள்ளும் நீங்கள் சொல்லும் மிருகம் இருந்தது என்றால், அந்த ஆய்வறையில் அது எங்கே போயிருந்தது? வணக்கம்.